ஊர் ஞாபகங்களை டாக்குமென்டரியா எடுக்கணுமா? முதல் நாள்ல இருந்து திரையிடல் வரைக்கும்

எந்த கேமரா வாங்கலாம்னு தேடுறதுக்கு முன்னாடி ஒரு நோட்டு எடுத்து பத்து பேரோட பேரை எழுதுங்க. உங்க தெருவுலயோ, உங்க சமூகத்துலயோ, நீங்க படம் எடுக்க நினைக்கிற தொழிலைப் பார்த்தவங்கள்லயோ பழசை ஞாபகம் வச்சிருக்குற பத்து பேர். எழுதின அப்புறம் யாரு நல்லா கதை சொல்லுவாங்கன்னு பார்த்து வரிசைப்படுத்தாதீங்க, வயசையும் உடம்பையும் பார்த்து வரிசைப்படுத்துங்க. முதல்ல யார் பேர் வருதோ அவங்களை இந்த வாரமே போய்ப் பார்க்கணும், கையில வெறும் போன் மட்டும் இருந்தாலும் பரவாயில்ல.

இதை நான் பட்டுத்தான் தெரிஞ்சுக்கிட்டேன். பழைய சினிமா தியேட்டர் ஒண்ணுல முப்பது வருஷத்துக்கு மேல ஆபரேட்டரா இருந்த பெரியவர் ஒருத்தர், கார்பன் குச்சியை எரியவிட்டு அந்த வெளிச்சத்துல படம் ஓட்டின காலத்து ஆளு. ரீல் முடியப்போறப்ப திரையோட வலது மேல் மூலையில சின்னதா ஒரு புள்ளி வந்துட்டுப் போகும், அதைப் பார்த்துதான் அடுத்த மெஷினை ஸ்டார்ட் பண்ணுவோம்னு வாசல்ல நின்னுக்கிட்டே சொன்னாரு. நானும் நல்ல கேமரா கிடைக்கட்டும், ரெண்டு மாசம் கழிச்சு முறையா வந்து எடுத்துக்குறேன்னு சொல்லிட்டு வந்துட்டேன். திரும்பிப் போனப்ப பக்கவாதம் வந்து பேச்சு போயிருந்துச்சு. என்னை அடையாளம் தெரிஞ்சுது, ஒரு கையோட ரெண்டு விரலைக் கொஞ்சம் கொஞ்சமா நெருக்கிக் காட்டினாரு, ரெண்டு குச்சியையும் எரிய எரிய அப்படித்தான் தள்ளிக்கிட்டே இருக்கணும். அந்தக் கையை எடுத்து வச்சிருக்கேன், 40 செகண்ட். குரல் என்கிட்ட இல்ல.

அதனால நான் கீழ சொல்ற எல்லாத்துக்கும் அடிப்படை ஒண்ணுதான்: அவங்க பேசுறதை முழுசா, ஒழுங்கா பதிவு பண்ணி பத்திரமா வைக்கிறது முதல் வேலை, படம் ரெண்டாவது வேலை. படம் சரியா வரலைன்னா பத்து வருஷம் கழிச்சு வேற யாராவது எடுத்துக்கலாம், பதிவு இல்லைன்னா எடுக்கறதுக்கு ஒண்ணுமே இருக்காது.

எதைப் பத்தி எடுக்குறோம்

"எங்க ஊர் வரலாறு"ன்னு ஆரம்பிச்சீங்கன்னா முடியவே முடியாது. மூடின ஒரு மில், தண்ணிக்குள்ள போன ஒரு கிராமம், ஒரு வெள்ளம், ஒரு ஸ்கூல், ஒரே ஒரு தெரு, இப்படி கையில அடங்குற மாதிரி ஒண்ணை எடுத்துக்கோங்க. சின்னதா எடுத்தா பெருசு தானா உள்ள வந்துடும்.

கனடாவுல ஃபோகோன்னு ஒரு தீவு, அங்க இருந்த மீனவங்களையெல்லாம் வேற இடத்துக்கு மாத்தணும்னு அரசாங்கத்துல பேச்சு நடந்துட்டு இருந்த நேரம், 1967ல அந்த நாட்டோட தேசிய திரைப்பட வாரியத்துல இருந்து காலின் லோ அங்க போனாரு. ஒரே பெரிய படமா எடுக்காம, ஒரு ஆளு அல்லது ஒரு விஷயம்னு வச்சுக்கிட்டு இருபதுக்கும் மேல சின்னச் சின்னப் படங்களா எடுத்தாரு, எடுத்ததைத் தீவுக்குள்ளயே வேற வேற கிராமத்துல போட்டுக் காட்டினாங்க. பக்கத்து கிராமத்துக்காரனுக்கும் நம்ம கஷ்டம்தான்னு அந்தத் திரையிடல்ல உக்காந்திருந்தப்பதான் பல பேருக்குப் புரிஞ்சுது, அவங்க கூட்டுறவு சங்கம் அமைக்கிறதுக்கும் அது உதவியா இருந்துச்சு. புதுசா ஆரம்பிக்கிறவங்களுக்கு இந்த முறை ரொம்பப் பொருந்தும்னு நான் நினைக்கிறேன், ஒண்ணரை மணி நேரப் படம் ஒண்ணு எடுக்கிறதை விட பத்து நிமிஷப் படமா ஆறு எடுங்க, ஒண்ணு சொதப்பினாலும் மத்தது நிக்கும்.

லிஸ்ட்ல யாரு இல்லைங்கிறதையும் பாருங்க. எந்த இடத்துல போய் வரலாறு கேட்டாலும் முதல்ல வசதியான வீட்டுக்குத்தான் கூட்டிட்டுப் போவாங்க, சங்கத்துல பதவியில இருந்தவரு, ஸ்கூல் ஹெட்மாஸ்டர், இவங்கதான் முதல்ல வருவாங்க. அவங்க சொல்றதையும் எடுங்க, ஆனா அந்த மில்லைப் பெருக்கினவங்க, ஊரை விட்டுப் போனவங்க, "எனக்கு என்னப்பா தெரியும், அவரைக் கேளு"ன்னு வீட்டுக்காரரைக் கை காட்டிட்டு உள்ள போயிடுற அம்மாக்கள், இவங்க பேர் பாதி லிஸ்ட்டாவது இருக்கணும்.

போறதுக்கு முன்னாடி படிச்சுட்டுப் போங்க

பழைய நியூஸ்பேப்பர், மேப், ஸ்கூல் ரெஜிஸ்டர், சங்கத்தோட மினிட்ஸ் நோட்டு, கல்லறைக் கல்லு, கட்டடத்துல பதிச்ச திறப்பு விழாக் கல்லு, எது கிடைக்குதோ பார்த்து ஒரு நீளமான பேப்பர்ல வருஷ வரிசை எழுதி சுவத்துல ஒட்டிக்கோங்க. இது கேள்வி கேட்கத்தான், பெரியவங்களைத் திருத்துறதுக்கு இல்ல.

இத்தாலியில டெர்னின்னு ஒரு ஸ்டீல் ஃபாக்டரி ஊர். அங்க 1949ல நேட்டோ ராணுவக் கூட்டணிக்கு எதிரா நடந்த போராட்டத்துல லூயிஜி டிரஸ்துல்லிங்கிற தொழிலாளி போலீஸ் கையால செத்துப்போனாரு. பல வருஷம் கழிச்சு அலெஸாண்ட்ரோ போர்ட்டெல்லிங்கிற வாய்மொழி வரலாற்று ஆய்வாளர் போய்க் கேட்டப்ப நிறைய பேர் அது 1953ல, ஆயிரக்கணக்குல ஆட்களை வேலையை விட்டு எடுத்தாங்களே அந்தப் போராட்டத்துல நடந்ததுன்னு சொன்னாங்க. போர்ட்டெல்லி அதைத் தப்புன்னு ஒதுக்கல, ஏன் அந்த ஊரே சேர்ந்து ஒரு சாவை நாலு வருஷம் தள்ளி வச்சிருக்குன்னு கேட்டாரு. அந்த சாவுக்குப் பெரிய ஒரு காரணம் அவங்களுக்குத் தேவைப்பட்டுச்சு, வேலை போனதுதான் அவங்க வாழ்க்கையில பெரிய அடி, ரெண்டும் ஒண்ணா சேர்ந்துடுச்சு. உங்ககிட்டயும் யாராவது வருஷத்தை மாத்திச் சொன்னா குறுக்க பேசாதீங்க, நோட்டுல குறிச்சுக்கோங்க, பேப்பர்ல இருக்கற தேதியைப் படத்துல எழுத்தாப் போட்டுக்கலாம்.

அனுமதி

"எடுத்துக்கலாமா?"ன்னு கேட்டு அவங்க தலையாட்டினா அது அனுமதி ஆகாது. நாலு விஷயத்தைத் தனித்தனியா கேட்கணும்: பதிவு பண்ணலாமா, படத்துல சேர்க்கலாமா, இன்டர்நெட்ல போடலாமா, லைப்ரரி இல்ல ஆவணக் காப்பகத்துக்குக் கொடுக்கலாமா. சில பேர் முதல் ரெண்டுக்கு சரின்னு சொல்லிட்டு மூணாவதுக்கு வேண்டாம்பாங்க, அப்படியே விட்டுடணும். அவங்க மொழியில ஒரு பக்கத்துக்குள்ள எழுதி வாசிச்சுக் காட்டி கையெழுத்து வாங்குங்க, எழுதப் படிக்கத் தெரியாதவங்கன்னா கேமரா முன்னாடியே நீங்க கேட்டு அவங்க பதில் சொல்றதைப் பதிவு பண்ணுங்க. பின்னாடி மனசு மாறினா எடுத்துடுவேன்னு சொல்லுங்க, எந்தத் தேதி வரைக்கும்னு சேர்த்து சொல்லுங்க, ஏன்னா இன்டர்நெட்ல ஒரு தடவை போயிட்டா திரும்ப எடுக்கறது நம்ம கையில இல்ல. ஃபோகோவுல எடுத்ததை முதல்ல பேசினவங்களுக்கே போட்டுக் காட்டி, வேண்டாம்னு சொன்னதை எடுத்துட்டுத்தான் வெளிய காட்டினாங்க, அறுபது வருஷத்துக்கு முன்னாடியே.

சத்தம்தான் முக்கியம்

படம் கொஞ்சம் இருட்டா இருந்தாலும் ஜனங்க பார்ப்பாங்க, பேச்சு கேக்கலைன்னா எழுந்து போயிடுவாங்க. அதனால கையில இருக்கற காசுல முதல்ல சட்டையில குத்துற காலர் மைக் ஒண்ணு வாங்குங்க, கேமராவுக்கு உங்க போனே போதும். மைக்கை நெஞ்சுல, வாய்க்கு ஒரு சாண் கீழ குத்துங்க, செயின், துண்டு, சேலை மடிப்பு எதுவும் உரசக்கூடாது. 48 கிலோஹெர்ட்ஸ், முடிஞ்சா 24 பிட், சத்தத்தை நசுக்காம வைக்கிற டபிள்யூஏவி (WAV) ஃபைலா எடுங்க. சாதாரணமா பேசறப்ப மீட்டர் மைனஸ் 12 டெசிபல் பக்கத்துல நிக்கட்டும், அப்பதான் திடீர்னு சிரிச்சாலும் சத்தம் கிழியாது. ஹெட்போன் போட்டுக் கேட்டுக்கிட்டே எடுங்க, இதுல சமரசமே வேண்டாம். ரெண்டாவது போன் இருந்தா அதையும் பக்கத்துல ரெக்கார்ட்ல போட்டு வச்சுடுங்க.

ஃபேனை நிறுத்துங்க, முடியாத வெயில்னா பத்து நிமிஷத்துக்கு ஒரு தடவை நிறுத்தி போட்டுக்கலாம். ஃபிரிட்ஜை ஆஃப் பண்ணா உங்க பைக் சாவியை ஃபிரிட்ஜுக்குள்ள வச்சுடுங்க, அப்பதான் கிளம்பறப்ப மறக்காம திரும்ப ஆன் பண்ணுவீங்க. போனை ஏரோபிளேன் மோட்ல போடுங்க. எல்லாம் முடிஞ்சதும் யாரும் பேசாம ஒரு நிமிஷம் அந்த ரூம் சத்தத்தை மட்டும் பதிவு பண்ணுங்க, எடிட்ல ரெண்டு துண்டை ஒட்டறப்ப நடுவுல வைக்க அதுதான் உதவும்.

படத்துக்குப் பெருசா ஒண்ணும் வேண்டாம். ஜன்னல் வெளிச்சம் முகத்துல ஒரு பக்கமா விழற மாதிரி உக்கார வைங்க, ஜன்னலை அவங்க முதுகுக்குப் பின்னாடி வச்சுடாதீங்க. போன்ல ஃப்ரேம் ரேட்டை, அதாவது ஒரு செகண்டுக்கு எத்தனை படம்ங்கிறதை, 25ல பூட்டற மாதிரி ஒரு கேமரா ஆப் போட்டுக்கோங்க, இல்லைன்னா போன் தன்னிஷ்டத்துக்கு ரேட்டை மாத்தி, தனியா எடுத்த சத்தமும் உதடும் கொஞ்ச நேரத்துல விலகிடும். 50 ஹெர்ட்ஸ் கரண்ட் வர்ற நாட்டுல ஷட்டர் ஒரு செகண்ட்ல 50ல ஒரு பங்கு, 60 ஹெர்ட்ஸ்னா 30 ஃப்ரேம், 60ல ஒரு பங்கு, அப்பதான் டியூப்லைட் படத்துல துடிக்காது. ஸ்டாண்ட் கட்டாயம்.

உக்காந்து பேசறது

ரெக்கார்டிங் ஆரம்பிச்சதும் தேதி, இடம், அவங்க பேர், உங்க பேர் நாலையும் வாய்விட்டு சொல்லுங்க. காகிதம் தொலைஞ்சு போகும், ஃபைல் பேர் மாறிப்போகும், குரலுக்குள்ள இருக்கறது இருக்கும்.

ஸ்பின்னிங் மில்லுல 28 வருஷம் வேலை பார்த்த ஒரு பாட்டிகிட்ட நான் கேட்ட முதல் கேள்வி, "மில் வாழ்க்கை எப்படி இருந்துச்சு பாட்டி?" "வேலைதான் கண்ணு, எல்லாரும் செஞ்சோம்"னாங்க. அவ்வளவுதான். அடுத்து கேட்டதும் அதே மாதிரி பெரிய கேள்வி, அதே மாதிரி சின்ன பதில். கால் மணி நேரம் இப்படியே போச்சு. அப்புறம் சும்மா, "காலையில வீட்டுல இருந்து மில்லுக்கு எப்படி நடந்து போவீங்க, வாசல்ல இருந்து சொல்லுங்களேன்"னு கேட்டேன். அவங்க கண்ணு என்னை விட்டு விலகி எங்கயோ போச்சு. முதல் சங்கு ஊதறப்ப பிள்ளையைத் தூக்கத்துலயே அம்மாகிட்ட போட்டுட்டு வருவேன், ரெண்டாம் சங்குக்குள்ள கேட்டுக்குள்ள நுழையணும், நடுவுல ஒரு மரம், அங்க நாலு பேர் எனக்காக நிப்பாங்க, ஒருத்தி வரலைன்னா அவளுக்கு உடம்பு சரியில்லைன்னு அர்த்தம், அப்படின்னு ஒவ்வொருத்தி பேரா சொல்லிட்டே வந்து, இழை அறுந்தா எப்படிப் பிடிச்சு ஒட்டுவீங்கன்னு நான் கேக்கறதுக்கு முன்னாடியே கை தானா மேல போயி ஆள்காட்டி விரலும் கட்டைவிரலும் காத்துல ஒரு சுண்டு சுண்டுச்சு. மில் மூடி இருபது வருஷம் ஆகுது, அந்த விரல் இன்னும் மறக்கல. கேமராவை முகத்துல மட்டும் டைட்டா வச்சிருந்தேன்னா அதைத் தவற விட்டிருப்பேன், அதனால உக்கார வைக்கிறப்ப எப்பவும் கை தெரியற மாதிரி ஃப்ரேம் வைங்க.

ஆக, வழி கேளுங்க, சத்தம் கேளுங்க, வாசனை கேளுங்க, பக்கத்துல யாரு நின்னாங்கன்னு கேளுங்க. ஆமா இல்லைன்னு முடிஞ்சுபோற கேள்வியைத் தவிருங்க. ஒரு நேரத்துல ஒரே கேள்வி. அவங்க நிறுத்தினா நீங்க உடனே அடுத்ததுக்குத் தாவாதீங்க, மனசுக்குள்ள பத்து எண்ணுங்க, முக்கால்வாசி நேரம் ஏழு எட்டுலயே அவங்க திரும்ப ஆரம்பிச்சுடுவாங்க, அப்ப வர்றதுதான் இதுவரைக்கும் யார்கிட்டயும் சொல்லாததா இருக்கும். "ம்", "ஆமாமா"ன்னு கொட்டாதீங்க, அது அவங்க பேச்சு மேலயே விழுந்து எடிட்ல வெட்ட முடியாம போயிடும், தலையை மட்டும் ஆட்டுங்க. பேச்சு நின்னுபோச்சுன்னா ஒரு பழைய போட்டோவையோ அவங்க யூஸ் பண்ண ஏதாவது சாமானையோ கையில கொடுத்துப் பாருங்க.

ஒண்ணரை மணி நேரத்துக்கு மேல ஒரு நாள்ல வேண்டாம். அழுகை வந்தா கேமரா ஓடட்டும்னு நினைக்காதீங்க, "நிறுத்திடவா?"ன்னு கேளுங்க, நிறுத்தச் சொன்னா நிறுத்துங்க. மறுநாள் போன் பண்ணி எப்படி இருக்கீங்கன்னு விசாரிக்கணும், கலவரம், பிரிவு, சாவு இதையெல்லாம் கிளறி விட்டுட்டு நம்ம பாட்டுக்கு வந்துட்டா அன்னைக்கு ராத்திரி அவங்க தனியா அதோட படுத்திருப்பாங்க.

மத்த காட்சிகள், பழைய போட்டோ

பேசறவங்களை அவங்க சொன்ன இடத்துக்கே கூட்டிட்டுப் போய் நடக்க விடுங்க, உடம்பு ஒத்துழைச்சா. இப்ப அங்க வெறும் பார்க்கிங்தான் இருக்குன்னாலும் போங்க, "இங்கதான் கேட்டு"ன்னு அவங்க கால் நிக்கிற இடம் எந்த மேப்லயும் இருக்காது. பழைய வேலையைத் திரும்ப செஞ்சு காட்டச் சொல்றதுல தப்பில்ல, ஆனா அது இன்னைக்கு செஞ்சு காட்டினதுன்னு பார்க்கறவங்களுக்குத் தெரியணும். 1922ல ராபர்ட் ஃப்ளாஹர்ட்டி எடுத்த 'நானூக் ஆஃப் தி நார்த்' படத்துல ஆர்க்டிக் இனுயிட் மக்கள் ஈட்டியோட வேட்டையாடறதைக் காட்டினாரு, அவங்க அப்பவே துப்பாக்கி யூஸ் பண்ணிட்டு இருந்தாங்க. படத்துல நானூக்னு வந்தவரோட நிஜப் பேர் அல்லகரியல்லக். ஒரு மக்களோட நிகழ்காலத்தையே பழங்காலமா மாத்திட்டாருன்னு நூறு வருஷம் ஆகியும் பேசிட்டு இருக்காங்க.

போட்டோவை யார் வீட்டுல இருந்தும் வாங்கிட்டு வராதீங்க, அவங்க வீட்டுலயே, அவங்க முன்னாடியே ஸ்கேன் பண்ணுங்க. 600 டிபிஐ (ஒரு இன்ச்சுக்கு 600 புள்ளி), படத்தை நசுக்காம வைக்கிற டிஃப் (TIFF) ஃபைல். ஸ்கேனர் இல்லைன்னா வெயில் நேரா படாத ஜன்னல் பக்கம் வச்சு போனை மேல இருந்து நேரா பிடிச்சு எடுங்க, ஃபிளாஷ் வேண்டாம். பின்பக்கத்தையும் எடுங்க, ஸ்டூடியோ சீல், தேதி, யாருக்கு அனுப்பினதுன்னு எல்லாம் அங்கதான் இருக்கும். பசை ஆல்பத்துல ஒட்டிக்கிட்டதைப் பிச்சு எடுக்காதீங்க, அப்படியே பக்கத்தோட எடுங்க. அப்புறம் அந்தப் போட்டோவைக் காட்டி இடது பக்கத்துல இருந்து ஒவ்வொருத்தர் பேரா சொல்லச் சொல்லி ரெக்கார்ட் பண்ணிக்கோங்க, பேர் இல்லாத போட்டோ ரெண்டு தலைமுறையில யாருக்கும் சொந்தமில்லாததா ஆயிடும்.

அன்னைக்கு ராத்திரியே

வீட்டுக்கு வந்து தூங்கறதுக்கு முன்னாடி எடுத்த ஃபைலையெல்லாம் மூணு பிரதி போட்டுடுங்க. ரெண்டு வேற வேற வகை இடத்துல, அதாவது ஹார்ட் டிஸ்க் ஒண்ணு, கிளவுட் ஒண்ணு மாதிரி, அதுல ஒண்ணாவது வேற கட்டடத்துல இருக்கணும். இதே ஃப்ளாஹர்ட்டி 1916ல, முதல் தடவை ஆர்க்டிக்ல எடுத்துட்டு வந்த நெகட்டிவ் மேல சிகரெட்டைத் தவற விட்டுட்டாரு, சட்டுனு தீப்பிடிக்கிற நைட்ரேட் ஃபிலிம் அது, கிட்டத்தட்ட 30,000 அடி எரிஞ்சு போச்சு. நம்ம காலத்துல நெருப்பு வேண்டாம், ஒரு டிஸ்க் கீழ விழுந்தாலே போதும். வாட்ஸ்அப்ல அனுப்பி வச்சிருக்கேன்னு நம்பாதீங்க, அது வீடியோவை நசுக்கி அனுப்பும். வருஷத்துக்கு ஒரு தடவையாவது எல்லா டிஸ்க்கையும் மாட்டி ஃபைல் திறக்குதான்னு பாருங்க.

ஃபைல் பேர்ல வருஷம், மாசம், தேதி, இந்த வரிசையில போட்டு அப்புறம் யார் பேசினதுன்னு எழுதுங்க. கூடவே ஒரு ஷீட்ல பேச்சைக் குறிச்சு வைங்க: எத்தனாவது நிமிஷத்துல என்ன சொல்றாங்க. முழுசா எழுத்துல இறக்கினா ரொம்ப நல்லது, ஒரு மணி நேரப் பேச்சுக்கு அஞ்சாறு மணி நேரமாவது ஆகும், தானா எழுதித் தர்ற சாஃப்ட்வேர் வட்டார வழக்குல நிறைய தடுமாறும், அதனால ஆள் உக்காந்து திருத்தணும். அவங்க பேசின மாதிரியே எழுதுங்க. "வந்தாக"ன்னு சொன்னதை "வந்தார்கள்"னு மாத்தினீங்கன்னா அந்தச் சொல்லும் அன்னைக்கோட போச்சு.

எடிட்

கம்ப்யூட்டர்ல உக்காரதுக்கு முன்னாடி எழுதி வச்ச பேச்சைப் பிரிண்ட் எடுத்து, கத்தரிக்கோலால வெட்டி தரையில பரப்பி வரிசை மாத்திப் பாருங்க, பாதிப் படம் அங்கயே முடிஞ்சுடும். சாஃப்ட்வேருக்கு டாவின்சி ரிஸால்வோட இலவச வெர்ஷன் தாராளமா போதும்.

ரெண்டு பேர் ஒரே சம்பவத்தை வேற வேற மாதிரி சொன்னா ரெண்டையும் அடுத்தடுத்து வைங்க, நீங்க தீர்ப்பு சொல்ல வேண்டாம். ஒரு வாக்கியத்தோட தலையையும் இன்னொண்ணோட வாலையும் ஒட்டி அவங்க சொல்லாததைச் சொல்ல வைக்கவே கூடாது. பின்னணி இசையைக் குறைங்க, சோக வயலின் போட்டீங்கன்னா அந்தப் பாட்டி பாதியில நிறுத்தின அந்த மௌனம் அடிபட்டுப் போயிடும். சப்டைட்டில் ரெண்டு வரிக்கு மேல போகாம பார்த்துக்கோங்க.

முதல் காட்சி யாருக்கு

பேசினவங்களுக்கு. ஃபெஸ்டிவல், இன்டர்நெட் எல்லாம் அப்புறம். 1960ல பாரிஸ்ல ஜான் ரூஷ்ங்கிற டாக்குமென்டரி இயக்குநரும் எட்கர் மோரான்ங்கிற சமூகவியல் ஆய்வாளரும் ஜனங்களைப் பேட்டி எடுத்து, அதை அவங்களுக்கே போட்டுக் காட்டி, அவங்க பார்த்துட்டு வாக்குவாதம் பண்ணிக்கிட்டதையும் படத்துலயே சேர்த்தாங்க. நீங்க படத்துல சேர்க்கலைன்னாலும் அந்தப் பேச்சைப் பதிவு பண்ணுங்க. நடக்க முடியாதவங்களுக்கு வீட்டுக்கே லேப்டாப்பைக் கொண்டு போங்க. ஒவ்வொரு குடும்பத்துக்கும் அவங்க பேசின முழுப் பதிவு, வெட்டாதது, ஒரு பென்டிரைவ்ல கொடுத்துடுங்க, அது அவங்களோடது. அனுமதி கொடுத்தவங்களோட பதிவை பக்கத்துல இருக்கற யூனிவர்சிட்டி இல்ல பொது நூலகத்துக்கும், 1996ல இருந்து நடக்கற இன்டர்நெட் ஆர்கைவ் மாதிரி இடத்துக்கும் யாரு, எப்போ, எங்கங்கிற விவரத்தோட கொடுங்க. வெறும் யூடியூப்ல மட்டும் போட்டுட்டு பத்திரமா இருக்குன்னு விட்டுடாதீங்க.

திரையிடல் முடிஞ்சு லைட் போட்டதும் யாராவது ஒருத்தர் எழுந்து, "அந்த மரத்தடியில நின்னது நாலு பேர் இல்ல, அஞ்சு பேர், எங்க அக்காவும் இருந்தா"ன்னு சொல்லுவாங்க. அவங்க பேரு, வயசு, போன் நம்பர் மூணையும் அதே நோட்டுல எழுதிக்கோங்க, அக்கா இருக்காங்களான்னும் கேளுங்க. மைக் சார்ஜ்ல இருக்கட்டும்.